இலவசமும் உரிமையும்: முன்வைப்பு மென்பொருளின் வரலாறு தரும் பாடம்

விரிவுரையாளரும் மாணவரும் தம் கருத்துக்களைத் திரையில் ஒழுங்குபடுத்திக் காட்டத் துணைபுரிவது முன்வைப்பு மென்பொருளாகும். அதனைச் செலவின்றிப் பெறும் வழி யாது என மாணவர் பலர் வினவுகின்றனர். இவ்வினாவுக்கு விலைப்பட்டியலினும் வரலாறே தெளிவான விடை தருகின்றது.

இத்துறையிற் பெருவழக்குப் பெற்ற பவர்பொயின்ட், கலிபோர்னியாவிலிருந்த போர்தோட் என்னும் சிறு நிறுவனத்தில் ரொபேர்ட் கஸ்கின்ஸ், டெனிஸ் ஒஸ்டின் முதலியோரால் உருவாக்கப்பட்டு, 1987 ஏப்ரலில் மக்கின்டொஷ் கணினிக்கென வெளிவந்தது. ஒளிபுகு தாள்களைக் கறுப்பு வெள்ளையில் ஆக்குவதற்கே முதற்பதிப்பு பயன்பட்டது. அதன் விலை 395 டொலர். அவ்வாண்டிலேயே மைக்ரோசொப்ட் நிறுவனம் 14 மில்லியன் டொலருக்குப் போர்தோட்டை வாங்கியது. ஆகவே பவர்பொயின்ட் பிறப்பிலேயே ஒரு விற்பனைப் பண்டம் எனலாம்.

மாற்று மரபு ஜேர்மனியில் தோன்றியது. மார்க்கோ போரிஸ் என்பார் தம் பதினாறாவது வயதில், 1985இல், நிறுவிய ஸ்டார் டிவிஷன் நிறுவனம் பின்னர் ஸ்டார் ஒபிஸ் என்னும் மென்பொருட் தொகுதியை ஆக்கியது. 1999இல் அந்நிறுவனத்தை வாங்கிய சன் மைக்ரோசிஸ்டம்ஸ், அத்தொகுதியை விலையின்றி வழங்கலாயிற்று. எனினும் 2002இல் வெளிவந்த அதன் ஆறாம் பதிப்புக்கு ஏறத்தாழ 76 டொலர் விலை விதிக்கப்பட்டது. உரிமையாளர் மனமுவந்து அளிக்கும் இலவசம் அவர் விரும்பும்போது மீளப் பெறத்தக்கது என்பதற்கு இது தக்க சான்றாகும்.

ஆயின் சன் நிறுவனம் 2000 ஒக்டோபர் 13இல் அத்தொகுதியின் மூலநிரலைத் திறந்த உரிமத்தின் கீழ் வெளியிட்டிருந்தது. அதிலிருந்து வளர்ந்த ஓப்பன் ஒபிஸின் முதற்பதிப்பு 2002 மே 1இல் வெளிவந்தது. இம்பிரெஸ் என்னும் முன்வைப்பு மென்பொருள் அதன் ஓர் அங்கமாகும்.

2010இல் ஒராக்கிள் நிறுவனம் சன்னை வாங்கியபோது இவ்வுரிமத்தின் வலிமை சோதனைக்குள்ளாயிற்று. தொகுதியின் எதிர்காலம் குறித்து ஐயுற்ற ஆக்குநர் பலர், அவ்வாண்டு செப்டெம்பர் 28இல் ஆவண அறநிலையத்தை அறிவித்தனர். ஓப்பன் ஒபிஸ் என்ற பெயர் அவர்களுக்குக் கிட்டவில்லை. அது ஒராக்கிளின் உடைமையாயிருந்தது. மூலநிரலையோ எவராலும் தடுத்தல் இயலவில்லை. அதனைக் கொண்டு அவர்கள் லிப்ரே ஒபிஸ் என்ற புதுப்பெயரில் 2011 ஜனவரியில் முதற்பதிப்பை வெளியிட்டனர். நிறுவனம் கைமாறியது, இம்பிரெஸ் அழியவில்லை. எவரும் மொழிபெயர்க்க உரிமையுடையராதலின், இன்று அது தமிழ் இடைமுகத்துடனும் கிடைக்கின்றது.

கோப்பின் வடிவமும் இங்கு கவனிக்கற்பாலது. இம்பிரெஸ் பயன்படுத்தும் திறந்த ஆவண வடிவம் 2006இல் சர்வதேச நியமமாயிற்று. பவர்பொயின்டில் ஆக்கிய கோப்பை இம்பிரெஸில் திறக்கும்போது எழுத்துருவும் அமைப்பும் சிலவேளை பிறழ்வதுண்டு என்பதை மறைத்தலாகாது. மண்டபத்துக்குச் செல்லுமுன் அதனைச் சரிபார்த்தல் நன்று.

எனவே, விலையில்லா மென்பொருளைத் தேடும் மாணவர் இன்றைய விலையை மட்டும் நோக்குதல் போதாது. உரிமையாளர் மாறினும் அம்மென்பொருள் நிலைக்குமா, இன்று ஆக்கிய கோப்பு பத்தாண்டின் பின்னும் திறக்குமா என்னும் இரு வினாக்களையும் எழுப்புதல் வேண்டும். இலவசம் ஒருவர் கொடை. உரிமையோ யாவர்க்கும் பொது.