சைக்கிள் பயிற்சி (புதுக்கோட்டை அறிவொளி இயக்கம்)

புதுக்கோட்டை மாவட்டத்தில் 1990-களின் தொடக்கத்தில் அறிவொளி இயக்கம் எழுத்தறிவோடு சேர்த்துப் பெண்களுக்குச் சைக்கிள் ஓட்டவும் கற்றுத்தந்தது. அப்போது மாவட்ட ஆட்சியர் ஷீலா ராணி சுங்கத்.

பஸ் வரும்வரை காத்திருக்க வேண்டும்; இல்லையென்றால் அப்பாவோ அண்ணனோ கணவனோ கொண்டுவிட மனசு வைக்க வேண்டும். அதுவரை கிராமத்துப் பெண்ணின் போக்குவரத்து அவ்வளவுதான். கல்குவாரித் தொழிலாளர்கள், விவசாயக் கூலிகள், அங்கன்வாடிப் பணியாளர்கள், ஆசிரியைகள் என்று பலரும் ஹேண்டில்பாரைப் பிடித்தார்கள். தெருவில் கேலி இல்லாமல் இல்லை. ஆபாசப் பேச்சும் இருந்தது. 1992 மகளிர் தினத்தன்று 1,500-க்கும் மேற்பட்ட பெண்கள் ஊர்வலமாகச் சைக்கிளில் வந்தார்கள்.

ஓட்டக் கற்றவர்கள் 1 லட்சத்துக்கும் மேல் என்பார்கள். பத்திரிகையாளர் பி. சாய்நாத் 1996-இல் வெளியான தன் நூலில் இதை விரிவாக எழுதியிருக்கிறார்.

தண்ணீர்க் குடம், விளைபொருள், பிள்ளை எல்லாம் சைக்கிளில் ஏறின. நடந்தும் காத்திருந்தும் கழிந்த நேரம் மிச்சமானது. இது சின்ன லாபம் இல்லை.

லேடீஸ் சைக்கிளுக்குத் தட்டுப்பாடு வந்தபோது பெண்கள் ஆண்கள் ஓட்டும் சைக்கிளையே வாங்கினார்கள். சிலருக்கு அதுதான் பிடித்தது. சீட்டுக்கும் ஹேண்டில்பாருக்கும் நடுவே இருக்கும் குறுக்குக் கம்பியில் குழந்தையை உட்கார வைக்கலாமே!