நாலடியாரைப் பாடியவர் யார்?

‘நாலும் இரண்டும் சொல்லுக்கு உறுதி’ என்பது தமிழ் மக்களின் வாய்மொழி. இரண்டு என்பது குறளையும் நாலு என்பது நாலடியாரையும் குறிக்கும். குறளுக்குத் திருவள்ளுவர் என்னும் ஆசிரியர் பெயர் உண்டு. நாலடியாருக்கோ அப்படி ஒரு பெயர் இல்லை. ‘நாலடி நானூறு’ என்று வழங்கும் அதன் மறுபெயரும் பாட்டின் அடியளவையும் தொகையையும் மட்டுமே சொல்கிறது. 400 வெண்பாக்கள், 40 அதிகாரங்கள் கொண்ட இந்நூலைப் பாடியவர் யார் என்னும் வினாவுக்குச் சமண சமயத்தவராகிய நாம் வழிவழியாக ஒரு விடை வைத்திருக்கிறோம். அதை ஆராய்ச்சி என்னும் உரைகல்லில் உரைத்துப் பார்ப்பது நமக்கு இழப்பா, ஆக்கமா என்பதை ஈண்டு எண்ணிப் பார்ப்போம்.

மரபு கூறும் வரலாறு நாம் அறிந்ததே. பஞ்சத்தால் இடம்பெயர்ந்த எண்ணாயிரம் சமண முனிவர் பாண்டியன் ஆதரவில் வாழ்ந்தனர். தம் நாட்டில் வளம் திரும்பியபின் விடை வேண்டினர். அவர்தம் புலமையைப் பிரிய மனமில்லாத மன்னன் இசையவில்லை. ஓர் இரவில் ஒவ்வொருவரும் ஒரு வெண்பா எழுதி இருக்கையின்கீழ் வைத்துவிட்டு அகன்றனர். சினந்த மன்னன் ஏடுகளை வையையில் எறிவித்தான். அவற்றுள் நானூறு வெள்ளத்தை எதிர்த்து வந்தன. பதுமனார் அவற்றை அதிகாரமாக வகுத்து உரையும் கண்டார் என்பர்.

ஆய்வாளர் இதனை அப்படியே ஏற்பதும் இல்லை. முற்றும் தள்ளுவதும் இல்லை. பாட்டு, தொகுப்பு, உரை, கதை ஆகிய நான்கையும் அவர்கள் தனித்தனியே பிரித்து நோக்குவர். ஒவ்வொன்றும் வெவ்வேறு காலத்தில் தோன்றியிருக்கக்கூடும் என்பதே காரணம்.

எண்ணாயிரம் என்னும் தொகையை உள்ளபடியான எண்ணிக்கையாகக் கொள்வது அரிது. மதுரையைச் சூழ்ந்த சமணக் குன்றுகளை ‘எண்பெருங்குன்றம்’ எனப் போற்றும் மரபோடு அத்தொகை தொடர்புடையதாகலாம். ஆயினும் பாண்டிய நாட்டில் சமண முனிவர் வாழ்ந்தது கதையன்று. நெடுஞ்செழியன் பெயர் தாங்கிய மாங்குளம் தமிழிக் கல்வெட்டுகள், கணி நந்தன் என்னும் துறவிக்குப் பள்ளி அமைத்துத் தந்த அறத்தைக் கூறுகின்றன. அவை கி.மு. 2ஆம் நூற்றாண்டளவினவாகக் கருதப்படுகின்றன.

இனி, பாட்டுகளே தரும் சான்றுகளைக் காண்போம். இரு வெண்பாக்களில் ‘பெருமுத்தரையர்’ என்னும் பெயர் வருகிறது. முத்தரையர் தஞ்சைப் பகுதியை ஆண்ட மரபினர். அவர்களுள் பெரும்பிடுகு முத்தரையரின் புகழைச் செந்தலைத் தூண்களில் உள்ள 8ஆம் நூற்றாண்டுப் பாடல்கள் பாடுகின்றன. இது கொண்டே நூலின் காலத்தை 7, 8ஆம் நூற்றாண்டுகளை ஒட்டிப் பலர் வரையறுத்தனர். ஆனால் இரு பாடல்களின் சான்று மற்ற 398 பாடல்களுக்கும் பொருந்தும் என்று கூற இயலாது. மேலும், வையைக்கரைக் கதைக்குள் அடங்காத ஒரு குறிப்பு இது என்பதையும் மறைத்தல் ஆகாது.

பாடல்களின் வடிவமும் ஒரு சான்றே. பல வெண்பாக்கள் மலைநாட்டுத் தலைவனையோ கடற்கரைத் தலைவனையோ விளித்து அறம் கூறுகின்றன. இது சங்க அகப்பாடல் வழிவந்த விளி. வேறு பல வெண்பாக்களில் இவ்விளி இல்லை. இந்த வேறுபாடு புலவர் பலர் என்னும் மரபுக் கருத்துக்கு அரண் செய்கிறது.

சமணச் சார்புக்கு அதிகார அமைப்பைப் பலரும் காட்டுவர். செல்வம், இளமை, யாக்கை ஆகியவற்றின் நிலையாமை முதல் மூன்று அதிகாரங்களாக நிற்கிறது, ஐந்தாவது ‘தூய்தன்மை’. நம் சமயம் கூறும் பன்னிரு அனுப்பிரேட்சைகளுள் அநித்தியமும் அசுசியும் இவற்றோடு ஒத்து நிற்கின்றன. ஆயினும் அதிகாரம் வகுத்தவர் தொகுப்பாசிரியர். எனவே இவ்வமைப்பு முதற்கண் அவருடைய உள்ளத்தையே காட்டும். நிலையாமையையும் உடலின் தூய்மையின்மையையும் பௌத்தரும் பேசினர். ஆதலால் ஒவ்வொரு பாட்டையும் தனித்தனியே ஆராய்ந்தே முடிவு காணல் வேண்டும்.

இத்தகைய கண்டிப்பு நம் பெருமையைக் குறைப்பதன்று. எல்லாம் எமதே என்று முழங்குவது எளிது. சான்று உள்ள அளவுக்கு உரிமை கோரினால் பிறரும் மறுக்க இயலார். பல துறவியர் கூடிப் பாடி, ஒருவரும் தம் பெயரைப் பொறிக்காமல் சென்றனர் என்னும் மரபில், ‘எனது’ என்னும் பற்றை விட்ட நெறியே வெளிப்படுகிறது. பெயர் கிடைக்கவில்லை என்று நாம் வருந்த வேண்டியதில்லை.

நாம் ஆற்ற வேண்டிய கடமை வேறு. உ.வே. சாமிநாதையர் சீவக சிந்தாமணியை ஆராய்ந்தபோது சமயச் சொற்களில் எழுந்த ஐயங்களைக் கும்பகோணத்துச் சமணக் குடும்பத்தினர் தீர்த்துவைத்தனர். 1887இல் நூல் அச்சேறியது. அவ்வுதவி இன்றும் தேவை. நம் இல்லங்களிலும் கோயில்களிலும் உள்ள சுவடிகளின் இறுதி ஏட்டில், எழுதியவர் பெயரும் ஊரும் ஆண்டும் காணப்படுவதுண்டு. பரணில் கிடக்கும் சுவடிகளை இறக்கித் துடைத்து, படமெடுத்து, ஆய்வாளர் கையில் சேர்ப்பிப்போம். பழைய ஏடுகளை ஆடிப்பெருக்கில் ஆற்றில் விடும் வழக்கம் ஒருகால் இருந்தது. அவ்வாறு போன ஏடுகள் எதிரேறி வரவில்லை.