ஏடும் ஏரும்: கண்டிப் பிரதேசக் காணி வழக்குகளில் உரிமையும் ஆட்சியும்

கண்டியிலிருந்து குருநாகலுக்குச் செல்லும் வீதியில், மலைநாடு தாழ்நிலத்தை நோக்கி இறங்கும் பகுதியில் அமைந்துள்ளது கலகெதர. 1803இல் கண்டிமீது படையெடுத்த ஆங்கிலேயர் கைப்பற்றிய காவலிடங்களுள் இதுவும் ஒன்று. பள்ளத்தில் வயல், அதன்மேல் வீட்டுத்தோட்டம், அதற்கும் மேலே சேனை என்பதே இப்பகுதி ஊர்களின் பழைய அமைப்பு. ‘இக்காணி யாருடையது?’ என்ற வினாவுக்கு இம்மூன்று படிகளிலும் ஒரே வகையான விடை கிடைத்ததில்லை.

கண்டி மன்னர் காலத்தில் காணியை வைத்திருந்தவன் அதற்குரிய ஊழியத்தைச் செய்தான். ஊழியமே அவனது உரிமைக்குச் சான்றாயிற்று. பொதிமாடுகளைக் கொண்டு போக்குவரத்துச் செய்த ‘மடிகே’ப் பிரிவைச் சேர்ந்த முஸ்லிம்களும் இம்முறையிலேயே காணி பெற்றனர். ஊழியக் காணிகள் ‘லேகம் மிட்டி’ எனப்பட்ட ஓலைப் பதிவுகளில் இடம்பெற்றன. அரச கொடைகளுக்குச் சன்னசு வழங்கப்பட்டது. விகாரைகளின் நிலை இன்னும் உறுதியானது. உடுநுவரையிலுள்ள லங்காதிலக விகாரைக்கு அளிக்கப்பட்ட நிலங்களை 1344ஆம் ஆண்டுக் கல்வெட்டுச் சிங்களத்திலும் தமிழிலும் பொறித்துள்ளது. கோயிலுக்குக் கல் சாட்சி. குடியானவனுக்கோ அவன் உழுத நிலமும் அயலவனின் நினைவுமே சாட்சி.

1815இல் ஆட்சி கைமாறியபின் இவ்வேறுபாடு பெருந்துன்பமாக விளைந்தது. 1840ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம், காடும் தரிசும் மறுதலை நிறுவப்படும்வரை முடிக்குரியன எனக் கொண்டது. தோம்பு இல்லாத கண்டி மாகாணங்களின் சேனைகள் குறித்து அது மேலும் கடுமையாக நின்றது. எல்லை பற்றிய தக்க சான்றுடன் சன்னசைக் காட்டவேண்டும். அன்றேல், அயலிலுள்ள தனியார் காணிகளுக்குச் செலுத்தப்பட்டது போன்ற வரியோ ஊழியமோ இருபது ஆண்டுகளுக்குள் செலுத்தப்பட்டதை நிறுவவேண்டும். அரசுக்கான கட்டாய ஊழியமாகிய இராசகாரியத்தை 1832இல் நீக்கிய அதே அரசு, எட்டாண்டுகளின்பின் ஊழியத்துக்குச் சான்று கேட்டது நோக்கற்பாலது. ஆண்டுக்கணக்கில் தரிசாக விட்டுப் பின்னரே வெட்டி எரித்து விதைப்பது சேனை. அங்கே ‘இடையறா ஆட்சி’யைக் காட்டுவது எங்ஙனம்? 1844 வரை ஏக்கர் ஐந்து சிலிங் என்ற அடிவிலைக்குக் கோப்பித் தோட்டக்காரருக்கு விற்கப்பட்ட முடிக்குரிய நிலங்களில், ஊரவர் தமதெனக் கருதிய மேட்டுநிலங்களும் இருந்தன. சட்டம் சான்றைக் கேட்டது என்பதைவிட, இல்லாத சான்றையே தேர்ந்து கேட்டது என்பது பொருந்தும்.

தனியாருக்கிடையிலான வழக்குகளோ வேறு வழியிற் சென்றன. 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கச் சட்டம் காணிக் கைமாற்றத்துக்கு நொத்தாரிசு முன்னிலையில் முடிக்கும் உறுதியை வேண்டிற்று. ஆயினும் உறுதி எழுதப்பட்டதாலேயே நிலம் தெளிவடைந்துவிடவில்லை. யாழ்ப்பாணத்து உறுதி பரப்பும் லாச்சமும் கூறுவதுபோலக் கண்டி உறுதி அமுணமும் பேலவும் கூறும். இவை விதைப்பு நெல்லின் அளவே. எல்லையாக நிற்பவை ஓர் ஓடை, ஒரு மரம், மற்றொருவன் வயலின் வரம்பு. விற்கப்படுவதும் பெரும்பாலும் பிரிக்கப்படாத பங்கு. ‘தட்டுமாறு’ முறையில் பங்காளிகள் முழு வயலையும் முறைவைத்து விதைப்பர். ஆதலால் சில ஆண்டுகள் வயலில் கால்வைக்காதவனும் உரியவனாயிருப்பான். ‘தீக’ மணம் செய்து பிறவீடு சென்ற மகள் தந்தையின் நிலத்தில் உரிமையிழப்பதும், ‘பின்ன’ மணத்தில் பிறந்தகத்திலேயே தங்கியவள் உரிமை பெறுவதும் கண்டியச் சட்டம். ஆகவே ஒரு பெண் எந்த வீட்டில் வாழ்ந்தாள் என்பதே காணி வழக்கின் கருவாகிவிடும்.

1871ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கக் கட்டளைச் சட்டப்படி, பிறர் உரிமைக்கு மாறாகவோ அதனைச் சாராமலோ பத்தாண்டு இடையூறின்றி ஆண்டவன் உரித்தைப் பெறலாம். அரசுக்கு எதிராக இச்சலுகை இல்லை. பங்காளிகளிடையேயும் இது எளிதிற் செல்லாது: ஒரு பங்காளியின் ஆட்சி மற்றோரின் ஆட்சியுமாகும் என்றும், அவர்களை வெளியேற்றியமையோ அதற்கு நிகரான செயலோ நிறுவப்படவேண்டும் என்றும் கோமறைக் கழகம் 1911இல் தீர்த்தது. தனித்த நீண்ட ஆட்சியினின்று தக்க சூழ்நிலையில் வெளியேற்றத்தை ஊகிக்கலாம் என உயர் நீதிமன்றம் 1918இல் இதனைச் சற்றுத் தளர்த்தியது.

உரித்தை முன்வைத்து நிலத்தை மீட்கவரும் வழக்காளி தன் உரித்தின் வலிமையால் வெல்லவேண்டுமேயன்றி எதிராளியின் வலுவின்மையால் அன்று. அடிதடி நேருமென அஞ்சப்படும் தகராற்றிலோ, 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்கச் சட்டப்படி, உரித்தைத் தீர்மானியாது, தகவல் தாக்கலான நாளில் ஆட்சியிலிருந்தவர் யார் என்பதையே ஆரம்ப நீதிமன்றம் காண்கிறது. அதற்கு முந்திய இரண்டு மாதத்துள் வன்முறையால் வெளியேற்றப்பட்டவரை மீண்டும் அமர்த்துகிறது. எனவே ஒரே காணியில் இன்று ஆட்சியைப் பெற்றவன், பின்னர் மாவட்ட நீதிமன்றத்தில் உரித்தை இழத்தல் கூடும்.

இவ்வளவு நுண்ணிய சட்டத்திலும் இடம்பெறாத ஓர் ஆட்சி உண்டு. கண்டி மலைகளின் தோட்ட லயன்களில் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்த தமிழ்த் தொழிலாளரின் குடியிருப்பு பத்தாண்டன்று, நூறாண்டைக் கடந்தது. ஆயினும் அது தோட்டத்தின் அனுமதியால் வந்த ஆட்சி. அனுமதியால் வந்தது எத்தனை ஆண்டு நீடிப்பினும் தானாக உரித்தாய் முதிராது. சேனைக்காரனிடம் ஊழியச் சான்றைக் கேட்ட சட்டம், ஊழியத்தையன்றி வேறெதனையும் செய்தறியாத இவர்களிடம் அச்சான்றை ஒருபோதும் கேட்கவில்லை.