சுவீடன் தந்த ஓர் ஊமைப் படம்

1921 ஜனவரி முதல் நாள் சுவீடனில் ஓர் ஊமைப் படம் திரைக்கு வந்தது. 'வண்டியோட்டி' என்பது அதன் பெயருக்குப் பொருள். இயக்கியவர் விக்டர் ஷோஸ்த்ரோம். டேவிட் ஹோல்ம் என்னும் குடிகாரனாக நடித்தவரும் அவரே.

இலக்கியத்திற்கான நோபெல் பரிசை 1909-இல் பெற்ற முதற் பெண்மணியான செல்மா லாகர்லோவ், 1912-இல் வெளியிட்ட நாவலே இதற்கு மூலம். அந்நாவல் பிறந்த வரலாறு விந்தையானது. காசநோயைப் பற்றி மக்களுக்கு அறிவூட்டும் நூலொன்று எழுதித் தருமாறு ஒரு சங்கத்தார் அம்மையாரை வேண்டினர். அந்நோயின் கிருமியை இராபர்ட் காக் 1882-இலேயே கண்டறிந்திருந்தார். அதைக் கொல்லும் ஸ்டிரெப்டோமைசினோ 1943-இல்தான் கிடைத்தது. இடைப்பட்ட காலத்தில், காற்றும் வெளிச்சமும் புகாத அறைகளில் நெருங்கி வாழ்ந்த ஏழைகளே மிகுதியாக மாண்டனர். சங்கத்தார் கேட்டது சுகாதார நூல். அம்மையார் கொடுத்ததோ பேய்க்கதை!

புத்தாண்டு பிறக்கும் நள்ளிரவில் இறப்பவன், அடுத்த ஓராண்டு மரணத்தின் வண்டியை ஓட்டவேண்டும் என்பது கதையில் வரும் நம்பிக்கை. கல்லறைத் தோட்டத்தில் அடிபட்டு விழும் ஹோல்மைத் தேடி அவ்வண்டி வருகிறது. ஒரே படச்சுருளை மீண்டும் மீண்டும் ஓடவிட்டு, ஒளிப்பதிவாளர் யூலியுஸ் யேன்சோன் ஆவிகளைக் கண்ணாடிபோல் ஊடுருவித் தெரியச் செய்தார். திரைப்பட வரலாற்று நூல்கள் இவ்வித்தையையே பெரிதும் புகழ்கின்றன.

எனக்கோ, ஒரு கிழிந்த மேலங்கிதான் அதைவிடப் பெரிதாகத் தோன்றுகிறது. இரட்சணிய சேனையின் விடுதிக்கு முதல் விருந்தாளியாக வருகிறான் ஹோல்ம். அவன் உறங்கும்போது, கிருமி தொற்றும் என்ற எச்சரிக்கையையும் பொருட்படுத்தாமல், இளம் தொண்டர் எடித் இரவெல்லாம் விழித்து அவனது அங்கியைத் தைக்கிறாள். விடிந்ததும் அவன் சிரித்துக்கொண்டே தையலைப் பிய்த்தெறிகிறான். அவ்வங்கியிலிருந்தே நோய் அவளைப் பற்றுகிறது. சங்கத்தார் விரும்பிய பாடம் முழுதும் இவ்வொரு காட்சியில் அடங்கிவிட்டது. ஆயினும் அன்பு செய்ததற்காக எடித்தை யாரால் குறைகூற முடியும்?

வறுமை தாளாத ஹோல்மின் மனைவி, குழந்தைகளுக்கு நஞ்சூட்டித் தானும் மடியத் துணிகிறாள். உடலற்ற ஆவியாக அருகில் நிற்கும் ஹோல்மால் அவள் கையைப் பற்ற இயலவில்லை. அப்போதுதான் அக்கல்நெஞ்சன் முதன்முறையாகப் பிரார்த்திக்கிறான், உயிர் மீள்கிறது, வீட்டுக்கு விரைந்து தடுக்கிறான். முதலில் மனைவி அவனை நம்பவில்லை. அவன் கண்ணீரைக் கண்ட பின்னரே நம்புகிறாள். வீட்டின் வறுமை அப்படியே இருக்கிறது. அங்கியைத் தைத்தவள் பிழைக்கவில்லை.