வில்லாளி தரகனான கதை

ஆங்கிலத்தில் 'பேண்டர்' என்றொரு சொல் உண்டு. வாக்குக்காக ஒரு கட்சி மக்களின் காழ்ப்புக்குத் தூபம் போட்டாலும், விளம்பர வருவாய்க்காக ஒரு தொலைக்காட்சி மலிவான ரசனைக்குத் தீனி போட்டாலும் ஆங்கில நாளேடுகள் அந்தச் சொல்லைத்தான் எடுக்கும். அகராதியைப் புரட்டினால் அதன் மூத்த பொருள் இன்னும் கசப்பானது: கூட்டிக்கொடுப்பவன். ஆணுக்கும் பெண்ணுக்கும் நடுவே நின்று ரகசிய உறவுக்கு வழி பண்ணித் தருபவன்.

இந்தச் சொல் ஒருவனுடைய பெயர். டிராய்ப் போரில் டிராய் நகரத்தின் பக்கம் நின்று அம்பெய்த ஒரு வில்லாளியின் பெயர். ஹோமரின் இலியட் காவியத்தில் அவன் எந்தப் பெண்ணுக்கும் எந்த ஆணுக்கும் தூது போனதில்லை. பிறகு எப்படி வந்தது இந்தப் பழி?

கிரேக்க, லத்தீன் இலக்கியங்கள் ஆங்கில எழுத்தாளர்களைப் பாதித்த விதத்தைப் பெரும்பாலும் ஒரு நேர்கோடாகவே சொல்லிக்கொண்டு போவார்கள். ஹோமரும் வர்ஜிலும் எழுதினார்கள், ஆங்கிலேயர் படித்தார்கள், எடுத்தாண்டார்கள் என்று. இந்தப் பெயர் நடந்துவந்த பாதை அப்படி இல்லை. இது சொல்லாக மாறியதே ஹோமரைப் படிக்காதவர்கள் கையில்தான்.

கிரேக்கத்தில் அவன் பாண்டரோஸ், லத்தீனில் பாண்டரஸ். லைக்காவோன் என்பவனின் மகன். ஈடா மலையடிவாரத்தில் ஏசீபஸ் ஆற்று நீரைக் குடித்து வாழும் செலியா ஊராருக்குத் தலைவன். அவனுடைய வில் அப்போலோ தெய்வமே கொடுத்தது என்கிறது இலியட்டின் இரண்டாம் காண்டம். நான்காம் காண்டமோ அது அவனே பதுங்கியிருந்து வீழ்த்திய காட்டாட்டின் கொம்புகளால் ஆனது என்கிறது. கொம்புகள் 16 உள்ளங்கை அகலம் நீண்டவை; கொம்பு வேலைக்காரன் ஒருவன் அவற்றை இழைத்துப் பொருத்தி, முனைக்குப் பொன் பூண் போட்டான் என்று ஹோமர் ஒரு பட்டறைக்காரரின் நுணுக்கத்தோடு சொல்லிக்கொண்டு போகிறார்.

வில்லுக்கு இவ்வளவு வர்ணனை ஏன் என்றால், அடுத்த நொடி அது ஒரு சமாதானத்தைக் கொல்லப்போகிறது. ஹெலன் யாருக்கு என்பதை அவள் கணவன் மெனெலாஸும் அவளை டிராய்க்குக் கொண்டுவந்த பாரிஸும் தனித்துப் பொருது தீர்த்துக்கொள்ளட்டும், மற்றவர்கள் வீடு திரும்பலாம் என்று இரு படைகளும் சத்தியம் செய்துகொண்ட நேரம் அது. பாரிஸ் தோற்கும் தறுவாயில் காதல் தெய்வம் அவனைக் களத்திலிருந்து தூக்கிக்கொண்டு போய்விட்டாள். போர் ஓயக் கூடாது என்று நினைத்த தேவர்கள் ஏதீனா தேவியை அனுப்புகிறார்கள். அவள் ஆன்டெனோரின் மகன் லாவோடோகஸ் உருவில் டிராய்ப் படைக்குள் நுழைந்து பாண்டரோஸைத் தேடிப் பிடிக்கிறாள். மெனெலாஸின் மேல் ஓர் அம்பு விடு, டிராய் முழுக்க உன்னைக் கொண்டாடும், இளவரசன் பாரிஸ் பரிசாகக் கொட்டுவான் என்று ஆசை காட்டுகிறாள். அவன் மதிகேடன், மயங்கினான் என்கிறார் ஹோமர். தோழர்கள் கேடயங்களால் மறைக்க, அவன் நாண் இழுக்கிறான். அம்பை விலக்கிவிடுபவளும் அதே ஏதீனாதான். உறங்கும் குழந்தையிடமிருந்து தாய் ஈயை ஓட்டுவதுபோல் அவள் அதைத் திருப்ப, அது இடைக்கச்சையில் பட்டு லேசாகக் கீறுகிறது. ரத்தம் கசிந்தது, சத்தியம் முறிந்தது, போர் மறுபடி மூண்டது.

ஐந்தாம் காண்டத்தில் அவன் புலம்பல் வருகிறது. வீட்டில் பதினொரு புதுத் தேர்கள் உறை போட்டு நிற்கின்றன. முற்றுகைக்குள் அடைபட்ட ஊரில் குதிரைக்குத் தீவனம் கிடைக்காதே என்று அப்பன் பேச்சைக் கேட்காமல் வில்லோடு மட்டும் வந்துவிட்டேன். உயிரோடு திரும்பினால் இதை முறித்து அடுப்பில் போடுவேன் என்கிறான். திரும்பவில்லை. கிரேக்க வீரன் டயோமெடீஸ் எறிந்த ஈட்டி கண்ணோரம் மூக்கில் ஏறி, பல்வரிசையைக் கடந்து, நாக்கை அடியோடு அறுத்துக்கொண்டு மோவாய்க்குக் கீழே வெளிவருகிறது. பேச்சுச் சாமர்த்தியத்துக்குப் பேர்போன ஒரு பாத்திரமாகப் பின்னாளில் மாறப்போகிறவனை நாக்கறுந்து சாகவைத்திருக்கிறார் ஹோமர்.

பழைய உலகம் அவனை ஒப்பந்தம் முறித்தவன் என்றே நினைவில் வைத்திருந்தது. 'குடியரசு' இரண்டாம் நூலில் பிளேட்டோ அவனைக் குறிப்பிடுவது சத்தியமீறலைப் பற்றிப் பேசும் இடத்தில்தான். அந்தக் குற்றத்தைத் தேவர்கள் தலையில் கட்டும் கவிஞரை ஏற்க முடியாது என்பது அவர் வாதம். வர்ஜிலின் ஈனியட் ஐந்தாம் காண்டமும், கட்டளைக்குப் பணிந்து உடன்படிக்கையைக் குலைத்தவன் என்றே அவனை நினைக்கிறது. இதுவரை காதலும் இல்லை, கட்டிலும் இல்லை.

பிறகு மேற்கு ஐரோப்பாவில் கிரேக்கம் படிக்கத் தெரிந்தவர்கள் அருகிப்போனார்கள். டிராய்க் கதைக்கு ஆதாரம் என்று இடைக்கால மக்கள் நம்பியது ஹோமரை அல்ல. போரை நேரில் பார்த்ததாகச் சொல்லிக்கொண்ட டிக்டிஸ், டாரெஸ் என்ற இருவரின் பெயரில் உலவிய லத்தீன் உரைநடைகளை. டாரெஸ் நூலில் பாண்டரஸ், டிராய்க்குத் துணைப்படை கொண்டுவந்தோர் பட்டியலில் ஒரு பெயர். 12ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் இந்த நூல்களை வைத்து பெனுவா த சென்-மோர் பிரெஞ்சில் 30,000 அடிகளுக்கு ஒரு டிராய்க் காவியம் எழுதினார். அதில்தான் இளவரசன் ட்ராய்லஸின் காதல் முதன்முதலாகப் பிறக்கிறது. காதலியின் பெயர் பிரிசெய்டா. அவள் கிரேக்கர் பாசறைக்கு அனுப்பப்பட்டதும் டயோமெடீஸ் பக்கம் சாய்ந்துவிடுகிறாள்.

அந்தப் பெயரும் ஹோமரிடமிருந்து வழிதவறி வந்ததே. அக்கிலீஸின் கையிலிருந்து பறிக்கப்பட்ட சிறைப்பெண் பிரிசெயிஸ். அப்போலோவின் பூசாரி மகள் கிரிசெயிஸ். பெனுவா எடுத்தது முன்னதை. இத்தாலிய எழுத்தாளர் பொக்காச்சியோ அதைக் கிரிசெய்டா என்று மாற்றினார். அதுவே ஆங்கிலக் கவி சாஸரிடம் கிரிசைட், ஷேக்ஸ்பியரிடம் கிரெசிடா.

நம்முடைய வில்லாளிக்குப் புதிய வேலை கொடுத்தவரும் பொக்காச்சியோதான். நேப்பிள்ஸில் இளைஞராக இருந்த காலத்தில், 1330களின் பின்பாதியில், அவர் எழுதிய 'இல் ஃபிலோஸ்த்ராதோ'வில் ட்ராய்லஸுக்கு ஒரு தோழன் தேவைப்பட்டான். பாண்டரோ என்று பெயர் வைத்தார். கிரிசெய்டாவுக்கு உறவுக்காரன், காதலர்களுக்குத் தூது. ஹோமரை லத்தீனில் முழுதாகப் பெயர்க்கச் சொல்லி லியோன்டியஸ் பிலேட்டஸ் என்ற கிரேக்கம் அறிந்தவரைப் பொக்காச்சியோ தன் வீட்டில் தங்கவைத்தது இதற்கு இருபது ஆண்டுகளுக்கும் மேல் கழித்து, 1360களில். மூலம் வந்துசேர்வதற்குள் பெயர் கைமாறிவிட்டது.

லண்டன் துறைமுகத்தில் கம்பளிச் சுங்க அதிகாரியாக இருந்த ஜெஃப்ரி சாஸர் அரசு வேலையாக இருமுறை இத்தாலிக்குப் போய்வந்தவர். பொக்காச்சியோவின் நூலை வைத்துக்கொண்டு 1380களில் 'ட்ராய்லஸ் அண்ட் கிரிசைட்' எழுதினார். 8,200க்கும் மேற்பட்ட அடிகள். பொக்காச்சியோ பெயரை ஓரிடத்திலும் அவர் சொல்லவில்லை. லோலியஸ் என்ற பழைய லத்தீன் ஆசிரியரைப் பின்பற்றுவதாகச் சொல்கிறார். அப்படி ஓர் ஆசிரியர் இருந்ததே இல்லை. ரோமக் கவி ஹோரஸ் தன் நண்பர் லோலியஸுக்கு எழுதிய கடிதமொன்று, டிராய்ப் போரைப் பாடியவரைப் படித்துக்கொண்டிருந்தேன் என்று தொடங்கும். அந்த வரியை யாரோ பிழையாகப் படித்ததில் நண்பர் நூலாசிரியராகியிருக்க வேண்டும் என்பது ஆய்வாளர்களின் ஊகம்.

பொக்காச்சியோவின் இளந்தோழனை சாஸர் கிரிசைடின் மாமன் ஆக்கினார். தமிழ் வாசகருக்கு உதட்டில் சிரிப்பு வரும். 'மாமா வேலை' என்ற நம்மூர் வசவுக்கும் இதற்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. ஆனால் இந்த மாற்றம் பாத்திரத்தைத் தலைகீழாக்கிவிட்டது. விதவையான மருமகளுக்குக் காவலாக இருக்க வேண்டியவனே காவலைத் திறந்துவிடுகிறான். அவன் நல்லவன், வேடிக்கைக்காரன், படித்தவன். மருமகள் வீட்டுக்கு அவன் வரும்போது பெண்கள் உட்கார்ந்து தீப்ஸ் நகர முற்றுகைக் கதையை ஒருத்தி வாசிக்கக் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள். அதெல்லாம் எனக்குத் தெரியும், பன்னிரண்டு காண்டம் என்கிறான். அவர்கள் கையிலிருப்பது 'ரொமான்ஸ்' வகைக் கதை. அவன் நினைப்பது ரோமக் கவி ஸ்டேஷியஸின் லத்தீன் காவியத்தை. மூன்றாம் காண்டத்தில், மழை வரும் என்று தெரிந்தே மருமகளை இரவுச் சாப்பாட்டுக்கு அழைக்கிறான். மழை கொட்டுகிறது, அவள் தங்குகிறாள், ஒளித்துவைத்த ட்ராய்லஸைக் கூட்டிவருகிறான், விளக்கை எடுத்துக்கொண்டு கணப்படுப்புப் பக்கம் போய், பழங்கதை ஒன்றைப் படிப்பவன்போல் உட்கார்ந்துகொள்கிறான். அப்புறம் இளவரசன் மயங்கி விழ, இவனே தூக்கிக் கட்டிலில் போடுகிறான்.

இதே காண்டத்தில், அந்த இரவுக்கு முன்னால், அவனுக்கே உறுத்துகிறது. விளையாட்டும் வினையுமாக உனக்காக நான் ஒரு இடையாள் ஆகிவிட்டேனே, பெண்களை ஆண்களிடம் சேர்த்துவைக்கும் அந்த மாதிரி ஆள், சொல்லாவிட்டாலும் உனக்குப் புரியும் என்று ட்ராய்லஸிடம் முனகுகிறான். பணத்துக்காகச் செய்பவனை எப்படி வேண்டுமானாலும் அழைக்கலாம், நீ நட்புக்காகச் செய்தாய், இதற்கு வேறு பெயர் என்கிறான் இளவரசன். பதிலுக்குத் தன் சகோதரிகளில் யாரை வேண்டுமானாலும், ஹெலனையே வேண்டுமானாலும் உனக்குச் சேர்த்துவைக்கிறேன் என்கிறான். தான் ஆகிப்போனதைச் சொல்ல வாய் வராமல் தவிக்கிறவனின் பெயரையே பின்னால் வந்தவர்கள் அதற்குச் சொல்லாக வைத்துவிட்டார்கள். ஹோமரிடம் இன்னொருவர் பேச்சுக்கு மயங்கியவன், இங்கே தன் பேச்சால் இருவரை மயக்குகிறான். இன்றைய ஆங்கிலப் பொருளில் பார்த்தால், இலியட்டில் 'பேண்டர்' வேலை செய்தவள் ஏதீனா. அதற்குப் பலியானவன் பாண்டரோஸ்.

16ஆம் நூற்றாண்டில் பெயர் பொதுச்சொல்லாகிவிட்டது. ஆகவே 1602 வாக்கில் ஷேக்ஸ்பியர் 'ட்ராய்லஸ் அண்ட் கிரெசிடா' எழுதியபோது, அரங்கில் இருந்தவர்களுக்கு முடிவு முன்பே தெரியும். மூன்றாம் அங்கத்தில் மூவரும் சேர்ந்து பந்தயம்போல் உறுதி சொல்கிறார்கள்: உண்மைக் காதலருக்கு ட்ராய்லஸ் பெயர், பொய்த்துப்போகும் பெண்களுக்குக் கிரெசிடா பெயர், இடைநின்று சேர்ப்போருக்குப் பாண்டரஸ் பெயர். மேடையில் அது சபதம். பார்வையாளருக்கு அது ஏற்கெனவே அகராதி. அதே பாண்டரஸ் கடைசியில் தன் நோயைப் பார்வையாளர்களுக்கு உயிலாக எழுதிவைக்கிறான்.

ஷேக்ஸ்பியரின் நாடகத்துக்கு முன்பே, ஹோமரை மூலத்திலிருந்து ஆங்கிலத்துக்குக் கொண்டுவந்த ஜார்ஜ் சாப்மனின் முதல் தொகுதி 1598இல் வெளியாகியிருந்தது. அதில் இருந்தவை ஏழு காண்டங்கள்: 1, 2, பிறகு 7 முதல் 11 வரை. அம்பு பாயும் நான்காம் காண்டமும் ஈட்டி பாயும் ஐந்தாம் காண்டமும் அதில் இல்லை.

சொல்லின் உருவமும் தேய்ந்தது. 'ஏ, ஆர்' எழுத்துகளில் முடிந்த பெயர், தொழில்செய்வோரைக் குறிக்கும் ஆங்கிலச் சொற்களின் சாயலில் 'ஈ, ஆர்' என்று முடியத் தொடங்கியது. அப்படி முடிந்ததும் அதற்கு ஒரு வினைச்சொல் இருக்கத்தானே வேண்டும்? வந்துவிட்டது. ஹாம்லெட் தன் தாயைக் கடிந்து பேசும் காட்சியில், அறிவு ஆசைக்குத் தரகு பார்ப்பதாக 1623 பதிப்பில் இருக்கிறது. அதற்கு முந்தைய பதிப்பொன்றில் அதே இடத்தில் 'மன்னிக்கிறது' என்று பொருள்படும் 'பார்டன்ஸ்'. எழுத்துருவில் இரண்டும் நெருக்கம். பதிப்பாசிரியர்கள் பெரும்பாலும் தரகையே வைத்துக்கொண்டார்கள். பின்னால் 'பேண்டரர்' என்ற வடிவமும் முளைத்தது. ஏற்கெனவே ஆளைக் குறிக்கும் சொல்லுக்கு இன்னொரு ஆள்விகுதி. பெயர் என்பதே மறந்துபோனதற்கு இதைவிடச் சான்று வேண்டாம். சட்டமும் அதை எடுத்துக்கொண்டது. 1966இல் கின்ஸ்பர்க் வழக்கில் அமெரிக்க உச்ச நீதிமன்றம், ஒரு வெளியீடு ஆபாசமா என்று தீர்மானிக்கையில் அதை விற்ற விதம் 'பேண்டரிங்' ஆக இருந்ததா என்பதையும் பார்க்கலாம் என்றது.

பந்தயத்தில் சேர்ந்த மற்ற இருவரும் தப்பித்துக்கொண்டார்கள். ஸ்காட்லாந்துக் கவி ஹென்றிசன் 15ஆம் நூற்றாண்டில் கிரெசிடாவைத் தொழுநோய்ப் பிச்சைக்காரியாக்கினார். 1679இல் ஆங்கிலக் கவி டிரைடன் அவளை உத்தமியாக்கிச் சாகவைத்தார். இன்று யுரேனஸின் ஒரு நிலவுக்கு அவள் பெயர். டொயோட்டாவும் தன் கார் ஒன்றுக்கு அந்தப் பெயரை வைத்தது. கவிஞர்கள் கைவைக்கக் கைவைக்க அவள் பெயர் பெயராகவே இருந்தது. பாண்டரஸ் தெருவுக்குப் போய்விட்டான்.

சாப்மன் 1611இல் இலியட் முழுவதையும் ஆங்கிலத்தில் தந்துவிட்டார். 1715 முதல் 1720 வரை கவிஞர் போப்பின் மொழிபெயர்ப்பு வெளிவந்து வீட்டுக்கு வீடு படிக்கப்பட்டது. கொம்பு வில், ஏதீனாவின் ஆசைவார்த்தை, அறுந்த நாக்கு எல்லாம் ஆங்கிலத்திலேயே படிக்கக் கிடைத்தன. ஆனாலும் சொல்லின் பொருள் நூலிழைகூட நகரவில்லை. செவ்வியல் நூல்களை நேரடியாகப் படித்து ஆங்கிலேயர் பெற்றது காவியங்கள், உவமைகள், யாப்பு. கைமாறி, பிழைபட்டு, உருமாறி வந்தவற்றிலிருந்து பெற்றது அன்றாடம் வாயில் புழங்கும் சொல். மூலத்தைத் திருத்திப் பதிப்பிக்கலாம். சந்தைக்கு வந்துவிட்ட சொல்லைத் திருத்த எந்தப் பதிப்பாசிரியராலும் ஆகாது.