லூயி லெ பிரின்ஸ் மறைவு

லூயி லெ பிரின்ஸ் (பிறப்பு: ஆகஸ்ட் 28, 1841) ஒற்றை வில்லைக் கேமராவில் அசையும் படத்தை முதன்முதலில் பதிவு செய்தவராகப் பல திரைப்பட வரலாற்றாசிரியர்களால் கருதப்படும் பிரெஞ்சுக்காரர். செப்டம்பர் 16, 1890 அன்று பிரான்சின் டிஜோன் நகரிலிருந்து பாரிசுக்கு ரயிலில் புறப்பட்ட அவரை அதன்பின் எவரும் பார்க்கவில்லை. அவரது மறைவு இன்றுவரை தீர்க்கப்படாத வழக்கு.

பின்னணி

மெட்ஸ் நகரில் பிறந்த லெ பிரின்ஸ் 1866-ல் இங்கிலாந்தின் லீட்ஸ் நகருக்குக் குடிபெயர்ந்தார். அங்கே எலிசபெத் விட்லியை மணந்தார். பதினாறு வில்லைகள் கொண்ட கேமராவுக்கு 1888 ஜனவரியில் அமெரிக்கக் காப்புரிமை பெற்றார். அதே ஆண்டு அக்டோபரில் மாமனார் வீட்டுத் தோட்டத்தில் ஒற்றை வில்லைக் கேமராவால் 'ரவுண்டே தோட்டக் காட்சி'யைப் படமாக்கினார். மகன் அடால்ஃப், மாமனார், மாமியார் உள்ளிட்ட நால்வர் தோட்டத்தில் நடக்கிறார்கள், அவ்வளவுதான். ஓடும் நேரம் இரண்டு வினாடிகளைச் சற்றே தாண்டும். படத்தின் காலத்தை உறுதி செய்ய உதவுவது ஒரு மரணம். படத்தில் பின்புறமாக நடக்கும் மாமியார் சாரா விட்லி அக்டோபர் 24, 1888 அன்று இறந்துவிட்டார். ஆகவே படம் அதற்கு முந்தியது. லூமியர் சகோதரர்களின் புகழ்பெற்ற பாரிஸ் திரையிடல் ஏழாண்டுகள் கழித்தே, 1895 டிசம்பரில், நடந்தது.

மறைவு

1890-ல் நியூயார்க்கில் தன் படங்களைப் பொதுமக்களுக்குக் காட்ட லெ பிரின்ஸ் திட்டமிட்டிருந்தார். மனைவி அதற்காக அங்கே ஜூமல் மாளிகையில் காத்திருந்தார். பயணத்துக்கு முன் டிஜோனில் இருந்த சகோதரர் ஆல்பர்ட்டைப் பார்க்கச் சென்றார். ரயில் நிலையத்தில் அவரைக் கடைசியாகக் கண்டதாகச் சொன்னவரும் ஆல்பர்ட்தான். பாரிசில் அவரைச் சந்திக்கவேண்டிய நண்பர்கள் ஏமாந்தனர். உடலும் கிடைக்கவில்லை, பயணப் பெட்டியும் கிடைக்கவில்லை. 1897-ல் சட்டப்படி இறந்தவராக அறிவிக்கப்பட்டார்.

கடன் சுமையால் தற்கொலை செய்துகொண்டார், சொத்துத் தகராறில் சகோதரர் கொன்றார், எடிசனின் ஆட்கள் கடத்தினர் என்று ஊகங்கள் பல. எடிசன் மீதான சந்தேகம் குடும்பத்தாரிடம் வலுவாக இருந்தது. ஆனால் எதற்கும் ஆதாரம் இல்லை. நாடகத்தன்மை மிகுந்த ஊகமே அதிகம் பரவியது என்பதைத் தவிர அதில் சிறப்பொன்றும் இல்லை.

அடையாளம் தெரியாத உடல்

அக்காலப் பாரிசில் சேன் ஆற்றில் மிதந்த, பெயர் தெரியாத பிணங்கள் நகரப் பிணவறையில் கண்ணாடிக்குப் பின்னால் கிடத்தப்படும். உறவினரோடு வேடிக்கை பார்ப்பவர்களும் வரிசையில் வருவார்கள். 1907-ல்தான் இவ்வழக்கம் நிறுத்தப்பட்டது. உரியவர் வராவிட்டால் எஞ்சுவது பெரும்பாலும் காவல்துறையின் புகைப்படமும் குறிப்பும்தான்.

அத்தகைய ஒரு புகைப்படம் 2003-ல் பாரிஸ் காவல்துறை ஆவணங்களில் கண்டெடுக்கப்பட்டது. 1890-ல் ஆற்றில் மூழ்கி இறந்த ஒருவரின் முகம் அது. லெ பிரின்சின் சாயல் தெரிகிறது. ஆனால் லெ பிரின்ஸ் ஆறடிக்கும் மேல் உயரமானவர். படத்தில் இருப்பவர் அந்த அளவு உயரமில்லை என்ற மறுப்பு எழுந்தது. நீரில் ஊறிய முகத்தின் சாயலைவிட உயரமே நம்பத்தகுந்த சான்று என்பதால் இம்மறுப்பை எளிதில் தள்ளிவிட முடியாது.

குடும்பம்

எடிசன் தொடுத்த காப்புரிமை வழக்கில் 1898-ல் அடால்ஃப் எதிர்த்தரப்புச் சாட்சியாக நின்று, தந்தையே முன்னோடி என்றார். 1901-ல் தீர்ப்பு எடிசனுக்குச் சாதகமாக வந்தது. அடுத்த ஆண்டு மேல்முறையீட்டில் மாற்றப்பட்டது. அதைக் காண அடால்ஃப் இல்லை. 1901-லேயே நியூயார்க் அருகே ஃபயர் தீவில் துப்பாக்கிக் காயத்துடன் இறந்துகிடந்தார். மகள் மேரி 1930-ல் தந்தையின் கேமராவை லண்டன் அறிவியல் அருங்காட்சியகத்துக்கு அளித்தார். தோட்டக் காட்சியில் எஞ்சியவை 20 சட்டகங்கள்.