சாராய வழக்கும் முத்திரையிட்ட புட்டியும்

1937 அக்டோபர் 1 அன்று சேலம் மாவட்டத்தில் தொடங்கிய மதுவிலக்கு, 1948-க்குள் சென்னை மாகாணம் முழுவதற்கும் வந்தது. அன்று இராமநாதபுரம் மாவட்டத்திலிருந்த விருதுநகரும் சிவகாசியும் அதில் அடக்கம். அரசே மது விற்கும் இன்றும், கள்ளச்சாராய வழக்குகள் அந்த 1937-ஆம் ஆண்டுச் சட்டப்படிதான் பதிவாகின்றன.

பட்டாசு ஆலைக்குக் கூலிக்குப் போகும் ஒருவர் மீது இப்படி வழக்குப் போட்டால், முக்கியச் சான்று எது? ஒரு மாதிரிப் புட்டி. ஊறலைக் கொட்டி அழித்தபின் மிஞ்சுவது அதுதான். மகசரில் கையெழுத்திட்டவர் யார், முத்திரை எப்போது வைத்தார்கள், நீதிமன்றத்துக்கு எந்தத் தேதியில் போனது, ஆய்வகம் பெற்றபோது முத்திரை உடையாமல் இருந்ததா? இவற்றில் ஒன்று பிசகினாலும் சந்தேகம் எழும். சந்தேகத்தின் பலன் குற்றம் சாட்டப்பட்டவருக்கே.

காவலர்களே பறிமுதல் பொருட்களைக் கையாடியதாக எழுந்தது, குஜராத்தின் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கு. மாதிரி எடுத்துவிட்டு மதுவை விரைவில் அழிக்க வேண்டும், காவல் நிலையத்தில் குவித்து வைக்கக் கூடாது என்று 2002-இல் உச்ச நீதிமன்றம் அதில் சொன்னது. 2024 ஜூலை 1-இல் அமலுக்கு வந்த குற்றவியல் நடைமுறைச் சட்டம், பறிமுதலை வீடியோவில் பதியச் சொல்கிறது.

அதற்கு முந்தைய மாதம்தான் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் மெத்தனால் கலந்த சாராயம் 60-க்கும் மேற்பட்டோரைக் கொன்றது. இறந்தவர்களில் பலர் தலித் கூலித் தொழிலாளர்கள். அத்தகைய வழக்கில் புட்டியை அலட்சியமாகக் கையாண்டால் தப்பிப்பவர் மெத்தனால் விற்ற முதலாளி.

பொய் வழக்கிலிருந்து நம் மக்களைக் காப்பதும், நம் மக்களைக் கொன்றவர்களைத் தண்டிப்பதும் ஒரே நடைமுறைதான். தோழர்களே, வழக்குக் கட்டு கைக்கு வந்ததும் மகசரையும் ஆய்வக அறிக்கையையும் தேதி வாரியாக ஒப்பிட்டுப் படிப்போம்.